கீழ்க்கடல் தந்த கிண்ணம்

கோயிலிலே பஞ்சாமிர்தத்துக்குக் கைநீட்டாத தமிழர் நம்முள் மிகச் சிலரே இருப்பர். வாழைப்பழம், சர்க்கரை, தேன், நெய், பேரீச்சம்பழம் என ஐந்து பொருள்கள் கூடுவதால் அதற்கு அப்பெயர் வந்தது. பொருள்கள் இடத்துக்கு இடம் சற்று வேறுபடலாம். ‘பஞ்ச’ என்னும் ஐந்து மட்டும் மாறுவதில்லை. இதே ஐந்து என்னும் சொல், ஏறக்குறைய நானூறு ஆண்டுகளுக்கு முன்னர், வேறொரு கலவையின் பெயராகிக் கப்பலேறி மேனாடு சென்றது என்று கருதப்படுகின்றது. அக்கலவை கோயிலுக்கு உரியதன்று, களியாட்டுக்கு உரியது. இலண்டன் மாநகரின் கோடைகாலப் பூங்காக்களிலும், சுவீடன் நாட்டு விறாந்தைகளிலும், ஜேர்மானியரின் தோட்ட விருந்துகளிலும் பழமும் மதுவும் கலந்து நடுமேசையில் வைக்கப்பட்ட பெருங்கிண்ணத்தின் கதையையே இன்று கூற எடுத்துக்கொண்டேன். மதுவைப் புகழ்வது இப்பேச்சின் நோக்கமன்று. ஒரு விருந்துக் கிண்ணத்தினுள்ளே எத்தனை நாடுகளின் விளைவும், எத்தனை மக்களின் உழைப்பும் அடங்கியிருந்தன என்று காண்பதே நோக்கம்.

பழத்தையும் பூண்டுகளையும் மதுவில் ஊறவைத்தல் ஐரோப்பாவுக்குப் புதியதன்று. திராட்சை மதுவிலே வாசனைத் தழைகளையும் பழங்களையும் இட்டு அருந்தும் வழக்கம் அங்கே மிகப் பழையது. ஆயின் வடித்தெடுத்த சாராயம், எலுமிச்சை, சர்க்கரை, நீர், வாசனைப் பொருள் ஆகியவற்றை ஒரு பெருங்கலத்திலே கூட்டி, பலர் சூழ்ந்திருந்து பகிர்ந்து அருந்தும் முறை, பதினேழாம் நூற்றாண்டிலே கீழ்க்கடலின் வணிகத் துறைகளிலேதான் முதன்முதற் பெயர்பெற்றது. அப்பெயர் ‘பஞ்ச்’ என்பது.

1600 ஆம் ஆண்டில் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனி அமைந்தது. அதன் ஊழியர் இந்தியக் கரைகளிற் பண்டசாலைகளை நிறுவி வாழ்ந்தனர். தம் நாட்டிலிருந்து அவர்கள் கொண்டுவந்த பியரும் திராட்சை மதுவும் நீண்ட கடற்பயணத்திலே குறைந்தும் கெட்டும் போயின. கரையிலோ சாராயம் இருந்தது, எலுமிச்சை இருந்தது, சர்க்கரை இருந்தது, ஏலமும் சாதிக்காயும் கறுவாவும் இருந்தன. இவற்றை ஒன்றாக்கியதில் வியப்பில்லை. பஞ்ச் என்னும் சொல் எழுத்திலே காணப்படும் இடங்களுள், அறியப்பட்டவற்றில் மிகப் பழையது 1632 ஆம் ஆண்டில் இந்தியாவிலிருந்த கம்பெனி ஊழியர் ஒருவர் தம் தோழருக்கு எழுதிய கடிதமாகும். 1638 ஆம் ஆண்டிலே சூரத் நகருக்கு வந்த மண்டெல்சுலோ என்னும் ஜேர்மானியப் பிரயாணி, அங்கிருந்த ஆங்கிலேயர் சாராயம், பன்னீர், எலுமிச்சைச் சாறு, சர்க்கரை ஆகியவற்றைக் கலந்து அருந்தியதைக் குறித்துள்ளார். அதன் பெயரை அவர் ‘பாலேபுன்ட்ஸ்’ என்று எழுதினார். ஆங்கிலேயர் ‘ஒரு கிண்ணம் பஞ்ச்’ என்று கூறியதே அவர் செவியில் அவ்வாறு ஒலித்தது போலும். கலவையின் பெயரோடு கிண்ணத்தின் பெயரும் அன்றே ஒட்டிக்கொண்டது என்பதை நேயர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னர் அது நமக்குப் பயன்படும்.

இப்பெயருக்கு ஐந்து என்று பொருள் கூறியவர், 1672 ஆம் ஆண்டு முதல் பல ஆண்டுகள் இந்தியாவிலும் பாரசீகத்திலும் திரிந்த யோன் பிரையர் என்னும் ஆங்கில மருத்துவர். 1698 இல் வெளிவந்த தம் பயண நூலிலே, ஐந்து பொருள்களாலாகிய கலவையாதலின் இந்துஸ்தானத்தாரின் ஐந்து என்னும் சொல்லே இதற்குப் பெயராயிற்று என்று எழுதினார். மருத்துவராகிய அவர் அதனை உடலைத் தளர்விக்கும் பானம் என்று குறித்தமையும் கவனிக்கத்தக்கது. மண்டெல்சுலோ கூறிய பொருள்கள் நான்கே ஆதலாலும், பீப்பாய் ஒன்றைக் குறிக்கும் ஆங்கிலச் சொல் இதனோடு ஒலியொப்புமை உடையதாதலாலும், இவ்விளக்கத்தை ஐயுறுவாரும் உளர். சொல்லின் பிறப்பு எதுவாயினும், பொருளின் பிறப்பிடம் கீழ்க்கடலே என்பதிற் பெரிதும் ஐயமில்லை.

இனி, அக்கலவைக்கு உயிராகிய சாராயத்தைப் பார்ப்போம். மேனாட்டார் அதனை ‘அரக்’ என்றனர். வியர்வை என்னும் பொருளுடைய அரபுச் சொல் அது. வடிகலத்தின் குழாய்வழியே துளித்துளியாகச் சொட்டுவது வியர்வைபோல் தோன்றியதால் வந்த பெயர். பத்தாவியாவில், அதாவது இன்றைய யகார்த்தா நகரில், கருப்பஞ்சாற்றுப் பாகின் கழிவைப் புளிக்கவைத்து, அதனோடு அரிசியாற் செய்த புளிமாவும் சேர்த்து வடித்தனர். கோவாவிலும் இலங்கையிலும் தென்னங்கள்ளே மூலப்பொருள். ஒல்லாந்தர் ஆட்சிக் காலத்தில் நம் நாட்டின் தென்மேற்குக் கரையிலே வடிக்கப்பட்ட சாராயம் இந்தியக் கரைகளுக்கும் பத்தாவியாவுக்கும் கப்பலேறியது. களுத்துறைப் பக்கம் சென்றோர், தென்னைகளின் உச்சியை ஒன்றோடொன்று கயிறுகளாற் பிணைத்து, மேற்கயிற்றைக் கைப்பற்றிக் கீழ்க்கயிற்றின்மேல் நடந்து, மரத்துக்கு மரம் செல்லும் தொழிலாளரைக் கண்டிருப்பர். பாளையைக் கட்டி, தட்டி, சீவி, முட்டியிலே சொட்டவிடும் அத்தொழிலில் ஓர் அடி தவறினால் உயிர் தவறும். இலண்டன் விருந்திலே கிண்ணத்தைச் சூழ்ந்திருந்த கனவான்களுக்கு இந்தக் கயிறு தெரியாது.

கிண்ணத்தில் இரண்டாவது பொருள் பழம். எலுமிச்சையின் சாறு புளிப்பைத் தரும்; ஆனால் அதன் மணமெல்லாம் மேற்றோலிலுள்ள நுண்ணிய எண்ணெய்ப் பைகளிலே தங்கியிருக்கின்றது. அவ்வெண்ணெய் நீரிலே எளிதிற் கரைவதில்லை, சாராயத்திற் கரையும். ஆகவே தோலைச் சாராயத்தில் ஊறவைக்கும் முறை எழுந்தது. அமெரிக்க அறிஞர் பெஞ்சமின் பிராங்கிளின் 1763 ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தில், பொஸ்ரன் நகரத்து யேம்சு போடொயின் என்பவருக்கு எழுதிய கடிதத்தோடு பாற்பஞ்ச் செய்யும் முறையொன்றையும் அனுப்பினார். 44 எலுமிச்சம்பழங்களின் தோலை மிக மெல்லியதாகச் சீவி, ஒன்றரைக் கலன் பிராந்தியில் 24 மணிநேரம் ஊறவைத்து வடிகட்ட வேண்டும். அதனுடன் ஒரு கலன் நீர், துருவிய பெரிய சாதிக்காய் நான்கு, அரைக் கலன் எலுமிச்சைச் சாறு, தூய வெள்ளைச் சர்க்கரை இரண்டு இறாத்தல் ஆகியவற்றைச் சேர்க்க வேண்டும். சர்க்கரை கரைந்தபின் முக்காற் கலன் பாலைக் காய்ச்சிச் சூட்டோடு ஊற்றி, இரண்டு மணிநேரம் விட்டு, துணிப்பையிலே தெளியும்வரை வடிக்க வேண்டும். பால் திரைந்து கசப்பையும் கலங்கலையும் தன்னோடு இழுத்துச் செல்ல, எஞ்சுவது பளிங்குபோல் தெளிந்த பானம். அது புட்டிகளிலே நெடுநாள் கெடாதிருக்கும். மின்சாரக் குளிர்ப்பெட்டி இல்லாத காலத்திலே, பழத்தின் மணத்தைக் காத்துவைக்க மக்கள் கண்ட வழிகளுள் இது ஒன்று.

பழச்சாற்றையும் சர்க்கரையையும் றம்மோடு சேர்த்துப் பீப்பாய்களில் அடைத்து வைத்த மற்றொரு பானத்துக்கு ஆங்கிலேயர் ‘சிறப்’ என்று பெயரிட்டனர். அதுவும், நாம் வெயிற்காலத்திலே அருந்தும் சர்பத்தும், குடித்தல் என்னும் பொருளுடைய ஒரே அரபு வேரிற் பிறந்தவை. சொற்கள் கப்பலேறிச் செல்லும்போது சில நல்ல குடிபுகும். சில மதுக்கடை புகும்.

இனி இலண்டனுக்குச் செல்வோம். தேம்சு நதியின் தென்கரையில் வொக்சால் என்னும் பூங்கா இருந்தது. யொனதன் ரயர்சு என்பவர் 1732 ஆம் ஆண்டில் அதனைப் புதுப்பித்துத் திறந்தார். கோடை மாலைகளிலே, ஒரு சிலின் நுழைவுப்பணம் கொடுத்து, பிரபுக்களும் வணிகரும் தொழில் பழகும் இளைஞரும் அங்கே கூடினர். மரங்களிடையே ஆயிரக்கணக்கான விளக்குகள் ஒளிர, இசை முழங்க, சிறு சிறு கூடங்களில் அமர்ந்து உண்டனர். அவ்விருந்தின் சிறப்புப் பானம் கீழ்நாட்டுச் சாராயத்தாலாகிய பஞ்ச். 1811 இல் கல்கத்தாவிலே பிறந்த தக்கரே என்னும் நாவலாசிரியர், 1847-48 ஆம் ஆண்டுகளில் வெளியிட்ட ‘வனிற்றி பெயர்’ என்னும் நாவலில், இந்தியாவிலிருந்து விடுமுறையில் வந்த கலெக்டர் ஒருவர் வொக்சாலிலே ஒரு கிண்ணம் பஞ்சை முழுதும் குடித்து, கூட்டம் நகைக்க நடந்து, அவ்விரவு நடந்திருக்கக்கூடிய திருமணப் பேச்சையே கெடுத்துக்கொண்டதைக் காட்டுகின்றார். கதை முழுவதும் அக்கிண்ணத்தினால் திசைமாறியது என்று ஆசிரியரே வேடிக்கையாகக் கூறுகின்றார்.

கீழ்நாட்டுச் சாராயம் தொலைவிலிருந்து வந்ததால் விலை மிகுந்தது. விலை மிகுந்த பொருளுக்குப் போலி தோன்றுதல் உலகியல்பு. 1817 இல் முதலில் வெளிவந்து பன்முறை பதிக்கப்பெற்ற கிச்சினர் என்பாரின் சமையல் நூலிலே, போலிச் சாராயம் செய்யும் முறை உண்டு. கால் கலன் நல்ல றம்மிலே, ஏறக்குறைய இரண்டரைக் கிராம் சாம்பிராணி மலரைக் கரைக்க வேண்டும். சாம்பிராணியைச் சூடேற்றுங்கால் ஆவியாகி எழுந்து வெண்மையாகப் படியும் துகளையே மலர் என்றனர். அவ்வளவே செய்தாற்போதும், வொக்சால் அமிர்தத்தின் நறுமணம் வந்துவிடும் என்கிறார் அவர். நம் பூசையறையில் மணக்கும் சாம்பிராணி, அவர்கள் விருந்திலே தென்னஞ்சாராயத்துக்கு வேடம் போட்டது. அமிர்தம் என்ற பெயரும் அங்கே அதற்குக் கிடைத்தது.

அப்போலிக்கு அடிப்படையான றம் எங்கிருந்து வந்தது? இங்கேதான் கிண்ணத்தின் இனிமை கசக்கத் தொடங்குகின்றது. யமேக்கா, பார்படோசு முதலிய மேற்கிந்தியத் தீவுகளிற் கருப்பந்தோட்டங்கள் இருந்தன. சர்க்கரை எடுத்தபின் எஞ்சிய பாகிலிருந்து வடிக்கப்பட்டதே றம். பதினெட்டாம் நூற்றாண்டிலே பிரித்தானியரின் பஞ்ச் கிண்ணங்களிற் கீழ்நாட்டுச் சாராயத்தின் இடத்தைப் பெரும்பாலும் றம் பிடித்துக்கொண்டது. சர்க்கரையும் அங்கிருந்தே வந்தது. இரண்டையும் விளைத்தவர் ஆபிரிக்காவிலிருந்து பிடித்து விற்கப்பட்ட அடிமைகள். பிரித்தானியக் கப்பல்கள் மட்டும் ஏற்றிச்சென்ற ஆபிரிக்கர் ஏறக்குறைய 31 இலட்சம் பேர் என்றும், அவர்களிலே கரைசேர்ந்தோர் 27 இலட்சம் பேரே என்றும் வரலாற்றாசிரியர் கணித்துள்ளனர். அறுவடைக் காலத்தில் ஆலைகள் இரவும் பகலும் ஓடின. உருளைகளுக்கிடையே கரும்பைச் செலுத்தும் அடிமையின் கை அகப்பட்டால் உடனே வெட்டி உயிரைக் காப்பதற்கென, ஆலையின் அருகே கோடரி வைத்திருந்தனர். கோடை விருந்திலே பழத்தின்மேல் தூவப்பட்ட வெண்சர்க்கரைக்குப் பின்னால் அந்தக் கோடரி நின்றது.

இதனை உணர்ந்தோரும் அந்நாட்டிலேயே இருந்தனர். அடிமை வாணிகத்தை ஒழிக்க வில்பர்போசு கொண்டுவந்த மசோதா 1791 ஆம் ஆண்டு பாராளுமன்றத்திலே தோல்வியுற்றது. அவ்வாண்டிலேயே வில்லியம் பொக்சு என்பவர் எழுதிய சிறு துண்டுநூல், மேற்கிந்தியச் சர்க்கரையையும் றம்மையும் கைவிடுமாறு மக்களை வேண்டியது. வாங்குவோர் இல்லாவிடில் விற்போர் இல்லை. விற்போர் இல்லாவிடில் அடிமைகொள்வோரும் இல்லை என்பது அதன் கருத்து. ஏறக்குறைய மூன்று இலட்சம் பேர் சர்க்கரையைத் துறந்தனர் என்று கிளாக்சன் மதிப்பிட்டார். வாக்குரிமையற்ற பெண்களே இதிலே பெரும்பங்கு கொண்டனர். பாராளுமன்றம் அவர்களுக்கு மூடியிருந்தது. தம் வீட்டு மேசை அவர்கள் கையிலிருந்தது. அடிமை வாணிகம் 1807 இலும், அடிமைமுறையை ஒழிக்கும் சட்டம் 1833 இலும் நிறைவேறின. முழு விடுதலை 1838 ஆகஸ்ட் முதலாந் தேதியிலேயே கிடைத்தது. சொந்தக்காரருக்கு நட்டஈடாக 2 கோடி பவுண் வழங்கப்பட்டது. அடிமைகளாயிருந்தோருக்கு ஒரு சதமும் வழங்கப்படவில்லை.

நாம் அயலாரை மட்டும் குறைகூறி அமைதல் நேர்மையன்று. அந்த 1833 ஆம் ஆண்டுச் சட்டம், கிழக்கிந்தியக் கம்பெனியின் நாடுகளையும் இலங்கையையும் தனக்குப் புறம்பாக விட்டது. யாழ்ப்பாணம் உட்பட நம் தீவிலும் மனிதரை மனிதர் உடைமையாகக் கொண்ட வழக்கம் இருந்தது. 1844 ஆம் ஆண்டின் சட்டத்தாலேயே அது இங்கே ஒழிந்தது.

மீண்டும் கிண்ணத்தைப் பின்தொடர்வோம். அது வடக்கே சென்ற வழி வேறு. சுவீடன் நாட்டவர் 1731 இல் தமக்கென ஒரு கிழக்கிந்தியக் கம்பெனியை அமைத்தனர். 1733 இல் கொத்தன்பேர்க் துறைக்குத் திரும்பிய அவர்களின் முதற்கப்பல் தேயிலையோடும் பட்டோடும் சாராயப் பீப்பாய்களையும் கொணர்ந்தது. சாராயம், சர்க்கரை, எலுமிச்சை, நீர் சேர்ந்த பஞ்ச், அந்நாட்டின் விருந்துப் பானமாயிற்று. 1845 ஆம் ஆண்டு முதல் அது கலந்த நிலையிலேயே புட்டிகளில் அடைத்து விற்கப்பட்டது. கோடை மாலைகளிற் குளிரச்செய்து அதனை அருந்துவதற்கென வீடுகளிலும் விடுதிகளிலும் அமைந்த முன்கூடத்துக்குப் ‘பஞ்ச் விறாந்தை’ என்றே பெயர் வந்தது. விறாந்தை என்னும் சொல் ஆங்கிலத்துக்கே இந்தியாவிலிருந்து சென்றது. ஆக, வடதுருவத்தை அடுத்த நாட்டிலே, கோடை இன்பத்தைக் குறிக்கும் ஒரு தொடரின் இரு சொற்களும் நம் கடற்புறத்தைத் தொட்டுச் சென்றவை.

ஜேர்மனியிலோ கிண்ணத்தின் பெயரே பானத்தின் பெயராயிற்று. கிண்ணத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லைப் பதினெட்டாம் நூற்றாண்டிலே பஞ்சோடு பெற்றுக்கொண்ட ஜேர்மானியர், அதனை ‘போலே’ என வழங்கினர். சூரத்திலே மண்டெல்சுலோ கேட்டெழுதிய சொல்லின் முற்பாதி, இவ்வாறு அவர் நாட்டிலே தனியாக வேர்விட்டது. அங்கே சாராயத்தின் இடத்தை உள்நாட்டு வெண்திராட்சை மது பெற்றது; எலுமிச்சையின் இடத்தைக் கோடைப் பழங்கள் பெற்றன. ஸ்ரோபெரி, பீச், அன்னாசி முதலியவற்றை நறுக்கி, சர்க்கரை தூவி, சிறிது மதுவை ஊற்றி, மூடிக் குளிர்ந்த இடத்திற் சில மணிநேரம் வைப்பர். சர்க்கரை பழத்தின் சாற்றை வெளியே இழுக்கும். மது பழத்தினுள்ளே புகும். விருந்தினர் வந்தபின் எஞ்சிய குளிர்ந்த மதுவையும் நுரைக்கும் திராட்சை மதுவையும் ஊற்றிப் பரிமாறுவர். பழத்துண்டுகளைச் சிறு முட்கரண்டியால் எடுத்து உண்பர். இனிப்பு மறைத்துவிடுவதால் மதுவின் வலிமை நாவுக்குத் தெரிவதில்லை. பானத்தைத் தொடாதவரும், அறியாத சிறுவரும், வெறும் பழமென்று எண்ணி உண்டு மயங்குவதற்கு இடமுண்டு. கிண்ணத்தை நடுவில் வைப்போர் இதனை மறத்தலாகாது.

இவ்வாறு மேனாட்டில் விருந்தாகிய பொருள், அது பிறந்த கரையிலே என்ன ஆயிற்று? இலங்கையிற் சாராயம் விற்கும் உரிமையை ஒல்லாந்தரும், அவர்க்குப்பின் ஆங்கிலேயரும், அதிக பணம் கூறியோருக்குக் குத்தகைக்கு விட்டனர். அரசாங்க வருவாயிலே அக்குத்தகைப் பணம் கணிசமான பங்காயிற்று. குத்தகையாளர் சிலர் பெருஞ்செல்வராயினர். மரமேறியவனின் கயிறோ மாறவில்லை. குடித்தவனின் குடிசையோ உயரவில்லை. இதனைக் கண்டு 1904 இலும், மதுக்கடைகள் பெருகிய 1912 இலும் மதுவிலக்கு இயக்கம் கிளர்ந்தது. குடியை ஒழிக்கக் கூடிய கூட்டங்களிலே, அரசின் கொள்கையை வினவும் துணிவும் பிறந்தது. அவ்வியக்கத் தலைவர்களான எப். ஆர். சேனநாயக்க, டி. எஸ். சேனநாயக்க, டி. பி. ஜயதிலக்க ஆகியோர் 1915 ஆம் ஆண்டுக் கலவரத்தின்போது சிறைவைக்கப்பட்டனர். அவர்களுள் டி. எஸ். சேனநாயக்க பின்னர் இந்நாட்டின் முதற் பிரதமரானார். இலண்டனிலே ஒரு நாவலின் போக்கை மாற்றிய சாராயம், இங்கே ஒரு நாட்டின் அரசியற் போக்கையே மாற்றத் துணையாயிற்று.

நேயர்களே, ஒரு கிண்ணத்தை நாம் சுற்றிவந்தோம். அதிலே கோவாவின் தென்னையும், பத்தாவியாவின் கரும்பும், பண்டாத் தீவுகளின் சாதிக்காயும், மேற்கிந்தியத் தீவுகளின் கண்ணீரும், வட ஐரோப்பாவின் கோடைப் பழங்களும் கலந்திருந்தன. குடித்தவர்கள் ஐந்து சுவைகளை எண்ணினர். எண்ணாமல் விட்ட பொருள் ஒன்று உண்டு. அது பிறர் உழைப்பு. 1791 இல் சர்க்கரைக் கிண்ணத்தை மேசையிலிருந்து எடுத்து அப்பால் வைத்த பெண்களே அந்த ஆறாவது பொருளைச் சுவையால் அறிந்தவர்கள்.

அடுத்த முறை பஞ்சாமிர்தத்துக்குக் கைநீட்டும்போது, ஐந்தைக் கூட்டித் தந்த கைகளையும் ஒருகணம் நினைத்துக்கொள்வோமாக.